திதி தெரியாத தாத்தாவும் காஞ்சனபுரிக்குப் போன ஒரு நாளும்

எங்கள் வீட்டில் தாத்தாவுக்குத் திதி கிடையாது. செத்த நாள் தெரிந்தால்தானே திதி பார்க்க முடியும்? அதனால் வருஷா வருஷம் ஆடி அமாவாசைக்கு எல்லாருக்கும் சேர்த்துப் படைக்கும்போது அவருக்கும் ஒரு இலை. அந்த இலையில் மட்டும் சோறு, சாம்பார், வடையோடு ஓரத்தில் ஒரு சுருட்டு இருக்கும். பாட்டி ஆரம்பித்து வைத்தது. பாட்டி போய்ச் சேர்ந்து நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது, சுருட்டு மட்டும் இன்னும் நிற்கவில்லை.

தாத்தாவைப் பற்றி எங்களுக்குத் தெரிந்ததெல்லாம் இவ்வளவுதான். இன்றைய மலேசியாவில், தம்பின் என்ற ஊர்ப் பக்கத்தில் ஒரு கித்தாத் தோட்டத்தில், அதாவது ரப்பர் தோட்டத்தில், பால் வெட்டிக்கொண்டிருந்தார். 1943இல், அப்பா தவழ்ந்துகொண்டிருந்த காலத்தில், "சயாமுக்கு ரயில் ரோடு போடப் பிடிச்சிட்டுப் போயிட்டாங்க." சயாம் என்றால் இன்றைய தாய்லாந்து, பிடித்துப் போனது ஜப்பான் ராணுவம். பாட்டி அந்த ஒரு வாக்கியத்தை ஒரே மூச்சில் சொல்லி முடித்துவிடுவார். மேலே கேட்டால் அடுப்பைப் பார்க்கப் போய்விடுவார். மலேசியத் தமிழர்களில் பாதிப் பேர் வீட்டில் இப்படி ஒரு வாக்கியம் இருக்கும் என்று நினைக்கிறேன். யாராவது ஒரு மாமா, ஒரு பெரியப்பா, "சயாமுக்குப் போனவரு."

அப்பாவுக்கு இப்போது 83. போன தீபாவளிக்குச் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது, ஊறுகாய் கேட்பதுபோல, "அந்த இடத்த ஒரு தடவ பாத்துட்டு வந்துரலாமா?" என்றார். எந்த இடம் என்று யாரும் கேட்கவில்லை.

அந்த ரயில் பாதை போன தாய்லாந்து ஊர் காஞ்சனபுரிக்கு நான் ஒரு தடவை போயிருக்கிறேன், பதினைந்து வருஷம் முன்னால், பாங்காக்கிலிருந்து பஸ்ஸில் நாற்பது பேரோடு. அதைப் போனது என்றே சொல்லக்கூடாது. குவாய் ஆற்றுப் பாலத்தில் இருபது நிமிஷம், யானைச் சவாரியில் ஒரு மணி நேரம், ரத்தினக் கடையில் ஒன்றரை மணி நேரம். கல்லறைத் தோட்டத்தில் பஸ் நிற்கவே இல்லை, ஜன்னல் வழியாகக் காட்டினார்கள். 83 வயது மனிதரை அப்படி இழுத்துக்கொண்டு போக முடியாது, அதனால் இந்த முறை தனி வேன், தனி கைடு என்று முடிவு செய்தோம்.

இணையத்தில் தேடி மூன்று பேருக்கு எழுதினேன். இரண்டு பேர் உடனே விலைப்பட்டியல் அனுப்பினார்கள், இரண்டிலும் யானையும் அருவியும் இருந்தன. மூன்றாவது ஒரு தாய்லாந்துப் பெண், ஒரு கேள்வி கேட்டு எழுதியிருந்தார். "உங்கள் குடும்பத்தில் யாராவது இந்தப் பாதையில் வேலை செய்தார்களா? எந்த ரெஜிமென்ட், எந்த முகாம் என்று சொன்னால் நான் முன்கூட்டியே தேடி வைப்பேன்."

ரெஜிமென்ட் இல்லை, ரப்பர் தோட்டம் என்று பதில் போட்டேன்.

ஒரு நாள் கழித்துத்தான் மறு பதில் வந்தது. பெயர் கிடைக்காது, வாக்குக் கொடுக்க மாட்டேன், ஆனால் உங்களை அழைத்துப் போக வேண்டிய இடம் ஒன்று ஊருக்குள்ளேயே இருக்கிறது, அதைக் கடைசியில் வைத்துக்கொள்வோம் என்று எழுதியிருந்தார். அவரையே பிடித்துக்கொண்டேன். வேன், டிரைவர், கைடு, பெட்ரோல் எல்லாம் சேர்த்து 6,500 பாட், நம்ம மலேசிய வெள்ளியில் 800 சொச்சம். அப்பாவிடம் பாதி விலைதான் சொன்னேன்.

காலை ஐந்தரைக்கே வேன் வந்துவிட்டது. அவர் போட்ட திட்டத்தில் எனக்குப் பிடித்தது, எல்லாரும் முதலில் போகும் பாலத்தை விட்டுவிட்டு, தூரத்தில் இருக்கும் மலைக்கணவாய்க்கு முதலில் போய், அங்கிருந்து ஊரை நோக்கி இறங்கி வருவது. வெயில் ஏறுமுன் மலை வேலை முடிந்துவிடும், பாலத்துக்கு வரும்போது பஸ்காரர்கள் கிளம்பிப் போயிருப்பார்கள். போக நினைப்பவர்கள் இந்த ஒன்றை மட்டுமாவது குறித்துக்கொள்ளுங்கள்.

வழி நெடுக கரும்பு லாரிகள். காஞ்சனபுரி கரும்புக்குப் பேர்போன மாவட்டம், அறுவடைக் காலத்தில் ஓவர்டேக் எடுப்பதே பெரிய வேலை. 1990இல் இங்கே ஒரு கரும்புத் தோட்டத்தில் தோண்டும்போது நூற்றுக்கணக்கானவர்களின் எலும்புகள் ஒரே குழியில் கிடைத்ததாம், பெட்டியும் கிடையாது, பெயர்த் தகடும் கிடையாது, கொத்துக் கொத்தாகப் போட்டு மூடியிருந்தார்கள். ஆசியத் தொழிலாளர்கள்தான் என்று முடிவு கட்டினார்கள். இதை கைடு சொன்னபோது அப்பா ஜன்னல் பக்கம் திரும்பி அமர்ந்து ஒவ்வொரு கரும்புத் தோட்டமாகப் பார்த்துக்கொண்டு வந்தார். இதை இப்போதே சொல்லியிருக்க வேண்டுமா என்று எனக்குக் கொஞ்சம் கோபம் வந்தது, அப்புறம் அதற்குத்தானே வந்திருக்கிறோம் என்று அடங்கிவிட்டேன்.

கதை தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக. 1942இல் ஜப்பான்காரன் பர்மாவைப் பிடித்துவிட்டான். அங்கிருக்கும் படைக்குச் சாமான் போக வேண்டும், கடல்வழியில் சிங்கப்பூரைச் சுற்றிப் போனால் நேசநாட்டு நீர்மூழ்கிகள் காத்திருக்கின்றன. அதனால் தாய்லாந்தின் பான் போங்கிலிருந்து பர்மாவின் தான்பியூசயாத் வரை 415 கிலோமீட்டருக்குக் காட்டையும் மலையையும் அறுத்து ஒரு ரயில் பாதை. வேலை 1942 நடுவில் தொடங்கி 1943 அக்டோபர் 17இல் இரு முனையும் ஒன்று சேர்ந்தது. பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சு, அமெரிக்கப் போர்க்கைதிகள் 60,000க்கும் மேல், அதில் 12,000க்கும் மேல் இறந்தார்கள். ஆசியத் தொழிலாளர்கள் இரண்டு லட்சம் பேர் அளவில், பர்மியர், மலாய்க்காரர், ஜாவாக்காரர், சீனர், தமிழர். மலாயாவிலிருந்து மட்டும் 70,000க்கும் மேல், பெரும்பாலும் நம் தோட்டத்துச் சனம். ஆசியர்களில் இறந்தது 90,000 இருக்கலாம் என்பது பொதுவாகச் சொல்லும் மதிப்பீடு. போர்க்கைதிகளுக்குக் கணக்கு இருக்கிறது. மற்றவர்களுக்கு மதிப்பீடுதான்.

எப்படிப் பிடித்தார்கள் என்பதற்குத் தோட்டத்துக்குத் தோட்டம் ஒரு கதை. சில இடங்களில் மூன்று மாச வேலை, நல்ல சம்பளம், அரிசி உண்டு என்று ஆசை காட்டி. அப்போது மலாயாவில் ரப்பருக்கு வியாபாரமே இல்லை, தோட்டங்கள் படுத்துவிட்டன, மரவள்ளிக்கிழங்கைத் தின்று காலம் தள்ளினார்கள், அரிசி என்றால் போகமாட்டார்களா? சில இடங்களில் வீட்டுக்கு ஒரு ஆள் என்று கங்காணியையும் தோட்டத்துக் குமாஸ்தாவான கிராணியையும் வைத்தே பட்டியல் போட்டு. இலவசப் படம் காட்டுகிறோம் என்று வரச்சொல்லிக் கதவைச் சாத்தி நேராக ரயிலில் ஏற்றியதும் உண்டு. சயாமுக்குப் போவதற்குப் பயந்தே நேதாஜி படையில் சேர்ந்தவர்களும் இருந்தார்கள், எங்கள் சின்னத் தாத்தா அப்படிச் சேர்ந்து உயிரோடு திரும்பி வந்தவர். அண்ணனும் தம்பியும் ஒரே வாரத்தில் ஆளுக்கொரு பக்கம்.

மலைக்கணவாய்க்கு ஆங்கிலத்தில் நரக நெருப்புக் கணவாய் என்கிற அர்த்தத்தில் பெயர், ஹெல்ஃபயர் பாஸ். தாய் மொழியில் சோங் காவ் காட். மேலே ஆஸ்திரேலிய அரசு 1998இல் திறந்த காட்சியகம், ரொம்பச் சுத்தமாக, நுழைவுக் கட்டணம் எதுவும் இல்லாமல் வைத்திருக்கிறார்கள். காதில் மாட்டிக் கேட்கும் கருவியும் கிடைக்கும். அங்கிருந்து கணவாய்க்கு இறங்க நிறைய மரப்படிகள். அப்பா முதல் திருப்பத்தில் நின்று கீழே எட்டிப் பார்த்துவிட்டு, "எறங்கிருவேன்லா, ஏறுறதுதான்," என்றார். நீங்க இங்கேயே இருங்கப்பா என்று மூங்கில் நிழலில் ஒரு பெஞ்சில் உட்கார வைத்துவிட்டு நானும் கைடும் மட்டும் இறங்கினோம்.

கீழே போனதும் வெளிச்சமே வேறு மாதிரி ஆகிவிடுகிறது. இரண்டு பக்கமும் பாறைச் சுவர், ஆழமான இடத்தில் 25 மீட்டர் இருக்கும், எட்டு மாடிக் கட்டடத்தை நினைத்துக்கொள்ளுங்கள். நடுவில் ரயில் போகும் அகலம் மட்டும். இதைச் சுத்தியலும் உளிக்கம்பியும் வைத்து வெட்டியிருக்கிறார்கள். ஒருவன் கம்பியைப் பிடித்துத் திருப்பிக்கொண்டே இருக்க வேண்டும், இன்னொருவன் அதன் தலையில் சம்மட்டியால் அடிக்க வேண்டும், ஓட்டை ஆழமானதும் வெடிமருந்து வைத்துத் தகர்த்து, சிதறிய கல்லைக் கூடையில் அள்ளிப் பள்ளத்தில் கொட்ட வேண்டும். ஒரு நாளைக்கு இத்தனை மீட்டர் ஓட்டை என்று கணக்கு, அந்தக் கணக்கு வாரா வாரம் கூடும். 1943 ஏப்ரலில் இங்கே வேலை தொடங்கியபோதே மேலிடத்திலிருந்து அவசரம், இரவும் பகலும், மூங்கில் தீவட்டி வெளிச்சத்தில். அந்தத் தீ வெளிச்சத்தில் எலும்பும் தோலுமான ஆட்கள் ஆடுவதைப் பார்த்துத்தான் கைதிகள் அந்தப் பெயரை வைத்தார்கள்.

கைடு என் கையைப் பிடித்துப் பாறையில் ஓரிடத்தில் வைத்தார். விரல் நுழையும் அளவு வட்டத் துளை, வழவழவென்று இருந்தது. கொஞ்சம் தள்ளி இன்னொன்றில் உடைந்த கம்பி முனை அப்படியே சிக்கிக்கொண்டு துருவேறிக் கிடக்கிறது, எண்பது வருஷமாக யாராலும் எடுக்க முடியவில்லை. அதைத் தொட்டபோது விரலில் சிவப்பாக ஒட்டியது. மேலே ஏறியதும் அதை அப்பாவிடம் காட்டினேன். அவர் என் விரலை எடுத்துத் தன் வேட்டியில் துடைத்துவிட்டார், சின்னப் பிள்ளைக்குத் துடைப்பதுபோல.

பாறை இடுக்குகளில் குட்டி ஆஸ்திரேலியக் கொடிகள், துணியில் செய்த சிவப்புப் பாப்பிப் பூக்கள், சில புகைப்படங்கள். இந்த இடம் காடு மூடிக் கிடந்தது. 1980களில் இங்கே திரும்பி வந்த ஒரு முன்னாள் ஆஸ்திரேலியக் கைதி விடாமல் தன் அரசாங்கத்தை நச்சரித்துத்தான் இதைச் சுத்தம் செய்து நினைவிடமாக்க வைத்தார். பொறாமையாக இருந்தது. நச்சரிக்க ஆள் இருந்திருக்கிறது, நச்சரித்தால் கேட்க ஒரு அரசாங்கம் இருந்திருக்கிறது.

கைடிடம் ஒரு தடித்த ஃபைல் உண்டு. முகாம் வரைபடங்கள், கைதிகள் திருட்டுத்தனமாக வரைந்த படங்களின் நகல்கள், எல்லாம் பிளாஸ்டிக் உறையில். வியரி டன்லப் என்ற ஆஸ்திரேலிய மருத்துவர் மூங்கிலை வைத்து எப்படி ஆஸ்பத்திரி நடத்தினார், பூன்போங் என்ற காஞ்சனபுரி வியாபாரி காய்கறிக்கு அடியில் மருந்தை ஒளித்து எப்படி முகாம்களுக்குள் அனுப்பினார், எல்லாம் தண்ணீர் பட்ட பாடாகச் சொன்னார். தமிழ் முகாம்கள் பற்றிக் கேட்டேன். ஃபைலைப் புரட்டிக்கொண்டே போனார். கடைசியில் கிடைத்தது ஒரு பக்கம். அதுவும் வெள்ளைக்காரக் கைதிகள் எழுதி வைத்த குறிப்புகளைத் தொகுத்தது.

அந்த ஒரு பக்கம் போதுமானதாக இருந்தது. 1943 மே, ஜூனில் மழை பிடித்துக்கொள்ள, காலரா பரவியிருக்கிறது. கைதிகள் முகாமில் அதிகாரிகள் உண்டு, மருத்துவர்கள் உண்டு. தண்ணீரைக் கொதிக்க வை, தட்டைக் கொதிநீரில் முக்கு, கழிப்பறையைத் தள்ளி வெட்டு என்று ராணுவ ஒழுங்கோடு கொஞ்சமாவது தாக்குப்பிடித்தார்கள். தொழிலாளர் முகாமில் அதெல்லாம் சொல்ல யார்? பெண்டாட்டி பிள்ளையோடு வந்தவர்களும் இருந்தார்கள். ஆற்றுத் தண்ணீரை அப்படியே குடித்தார்கள். நோய் கண்டவர்களை விட்டுவிட்டு மற்றவர்கள் காட்டுக்குள் ஓடினார்கள், ஓடியவர்களும் வழியில் விழுந்தார்கள். பிறகுதான் ஜப்பான் ராணுவம் கைதிகளிலிருந்தே மருத்துவக் குழுக்களைப் பிரித்துத் தொழிலாளர் முகாம்களுக்கு அனுப்பியது, அதற்குள் நிறைய முடிந்துவிட்டது.

"என் தாத்தா ஜூன் மாசம் உசுரோட இருந்தாரா?" என்று கேட்டேன். முட்டாள்தனமான கேள்வி. அவர் ஃபைலை மூடிவிட்டு, "மலாயாவிலிருந்து எந்த மாதம் ஏறினார்?" என்றார். அதுவும் எங்களுக்குத் தெரியாது.

பகல் ஒரு மணிக்கு மேல் தாம் கிராசே நிறுத்தத்தில் ரயில் பிடித்தோம். பாதையில் இப்போது ரயில் ஓடுவது நாம் தோக் என்ற ஊர் வரைக்கும்தான், அதற்கப்பால் பர்மா எல்லைவரை பிடுங்கிப்போட்டுவிட்டார்கள். வெளிநாட்டுக்காரர்களுக்கு டிக்கெட் 100 பாட். இந்த இடத்தில் பாதை ஆற்றோரப் பாறையை ஒட்டி மரத்தூண்கள் மேலேயே வளைந்து போகிறது. ஒரு பக்கம் கையை நீட்டினால் பாறை, மறு பக்கம் எட்டிப் பார்த்தால் கீழே குவாய் நோய் ஆறு. வண்டி நடை வேகத்தில் ஊர்கிறது, மரம் முனகுவது கேட்கிறது. எல்லாரும் ஜன்னலில் தொங்கி போட்டோ எடுத்துக்கொண்டிருந்தார்கள், நானும் எடுத்தேன், அழகான இடம்தான், பொய் சொல்வானேன்.

வண்டி வருமுன் அப்பா தண்டவாளத்தின் பக்கம் குனிந்து எதையோ தேடிக்கொண்டிருந்தார். கைடு பதறிப்போய் ஓடி வந்தார். அப்பா என்னிடம் சொன்னார், "நம்ம மலாக்கா கம்பியான்னு பாத்தேன்."

இதை வெளியூர்க்காரர்களுக்கு விளக்க வேண்டும். தம்பினிலிருந்து மலாக்கா டவுனுக்கு ஒரு கிளை ரயில் ஓடிக்கொண்டிருந்தது. ஜப்பான்காரன் அந்தப் பாதையை அப்படியே பிடுங்கி இந்த சயாம் ரயிலுக்குக் கொண்டுவந்துவிட்டான். கிழக்குக்கரைப் பாதையிலும் பெரும்பகுதியை உருவினான். கிழக்குக்கரைப் பாதையைப் பிறகு மறுபடி போட்டார்கள், மலாக்காவுக்குப் போடவே இல்லை. இன்றைக்கும் மலாக்காவுக்கு ரயிலில் போகிறவர்கள் புலாவ் செபாங்கில் இறங்கி பஸ் பிடிக்கிறார்கள். அப்பா அந்தப் பக்கம் வளர்ந்தவர், பிடுங்கிய பாதையின் மேட்டில் மாடு மேய்த்தவர். அவர் மனசில் கம்பியும் அப்பனும் ஒரே வண்டியில் போனதாகத்தான் பதிவு.

பழையதெல்லாம் எப்போதோ மாற்றியாகிவிட்டது என்று கைடு சொன்னார். அப்புறம் ஃபைலில் இருந்து இன்னொரு தாளை எடுத்தார். சண்டை முடிந்ததும் 1946 அக்டோபரில் பிரிட்டிஷ்காரர்கள் இந்தப் பாதையின் தாய்லாந்துப் பகுதியை தாய்லாந்து அரசுக்கே 12,50,000 பவுனுக்கு விற்றார்கள். அந்தப் பணம், ஜப்பான் பிடுங்கிக்கொண்டு வந்த தளவாடங்களுக்கு ஈடாக, மலாயா போன்ற பக்கத்து நாடுகளின் நஷ்டத்தைக் கட்டப் பயன்பட்டது.

நான் தமிழில் சொல்லி முடித்ததும் அப்பா கேட்டார், "கம்பிக்குக் காசு குடுத்துட்டானா?"

"ஆமாப்பா."

"ஆளுக்கு?"

கைடு என் முகத்தைப் பார்த்தார். மொழிபெயர்க்கவில்லை, தேவையும் இருக்கவில்லை என்று நினைக்கிறேன். அந்த நேரம் பார்த்து வண்டி வந்தது, ஏறி இடம் பிடிப்பதில் எல்லாம் கலைந்துவிட்டது. ரயிலில் ஒரு அம்மா கோழி வறுவலும் பசைச் சோறும் கூடையில் விற்றுக்கொண்டு வந்தார். வாங்கிச் சாப்பிட்டோம். அப்பா இரண்டு துண்டு கூடவே சாப்பிட்டார்.

பாலத்தைப் பற்றி ரொம்பச் சொல்ல ஒன்றுமில்லை. வளைந்த இரும்புச் சட்டங்கள் ஜாவாவிலிருந்து ஜப்பான்காரர்கள் கழற்றிக்கொண்டு வந்தவை, நடுவில் வளைவில்லாமல் நேர்க்கோடுகளாக இருக்கும் இரண்டும் குண்டு விழுந்து போனதால் சண்டைக்குப் பிறகு மாற்றியவை. உலகமே இதைப் பார்க்க வருவது ஒரு பிரெஞ்சு நாவலாலும் அதிலிருந்து எடுத்த 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' என்ற ஹாலிவுட் படத்தாலும். அந்தப் படத்தை எடுத்ததே இங்கே இல்லை, இலங்கையில் கித்துல்கலவில். இன்னும் வேடிக்கை, பாலத்தின் கீழே ஓடும் இந்த ஆற்றுக்கு அப்போது மே குலோங் என்று பெயர். படம் பார்த்துவிட்டு வந்தவர்கள் குவாய் எங்கே குவாய் எங்கே என்று கேட்டுத் தொந்தரவு செய்ததில் 1960களில் இந்தப் பகுதிக்குக் குவாய் யாய் என்று பெயரை மாற்றிவிட்டார்கள். சினிமாவுக்காக ஆற்றுக்கே பெயர் மாற்றினார்கள், சரி. அப்பா பாலத்தின் பாதிவரை நடந்துவிட்டுத் திரும்பிவிட்டார். செல்ஃபி எடுப்பவர்கள் கூட்டம்.

ஊருக்குள் ஜெத் என்றொரு அருங்காட்சியகம் இருக்கிறது, ஒரு கோயில் வளாகத்தில் 1977இல் தொடங்கியது. மூங்கில் குடிசை மாதிரி கட்டி வைத்திருக்கிறார்கள். ஜெத் என்பது ஐந்து ஆங்கில எழுத்து: ஜப்பான், இங்கிலாந்து, ஆஸ்திரேலியாவும் அமெரிக்காவும் ஒரே எழுத்துக்குள், தாய்லாந்து, ஹாலந்து. இந்தியாவுக்கு எழுத்து இல்லை. மலாயாவுக்கும் பர்மாவுக்கும் ஜாவாவுக்கும் இல்லை. செத்தவர்களில் மிகப் பெரும்பாலோர் ஊர் இந்த ஐந்து எழுத்துக்கு வெளியே. இதை நான் சொன்னதும் கைடு ஒரு நிமிஷம் விரல் விட்டு எண்ணிப் பார்த்தார், பத்து வருஷமாக இந்தப் பெயரை விளக்கிக்கொண்டிருக்கிறேன், இப்படி யோசித்ததில்லை என்றார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். அவரிடம் வருகிறவர்கள் எல்லாம் ஆஸ்திரேலியாவிலிருந்தும் இங்கிலாந்திலிருந்தும், கையில் ரெஜிமென்ட் எண்ணோடு வருகிறவர்கள். நாம் போய்க் கேட்டால்தானே ஃபைலில் இரண்டாவது பக்கம் சேரும்?

பாலத்துக்குக் கொஞ்சம் தள்ளி கைடு என் அப்பாவைக் கைத்தாங்கலாக ஒரு சின்னப் பூங்காவுக்குள் கூட்டிக்கொண்டு போனார். அங்கே ஜப்பான் ராணுவமே 1944இல், சண்டை நடந்துகொண்டிருக்கும்போதே, இந்தப் பாதையில் இறந்தவர்களுக்காகக் கட்டிய நினைவுத்தூண் இருக்கிறது. சுற்றுச்சுவர் மூலைகளில் பல மொழிகளில் கல்வெட்டு. ஒன்று தமிழ்.

எனக்குச் சட்டென்று என்ன உணர்வு வந்தது என்று நேர்மையாகச் சொன்னால், எரிச்சல். காலையிலிருந்து ஆங்கிலத்தையும் தாய் மொழியையும் ஜப்பான் மொழியையும் பார்த்துப் பார்த்து, முதல் தமிழ் எழுத்தைப் பார்ப்பது இங்கேயா, பிடித்துக்கொண்டு போனவன் வைத்த கல்லிலா? ஆனால் அப்பா அருகே போய்க் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு, தோட்டத்துப் பள்ளியில் படித்தவர்களுக்கே உரிய பழக்கத்தில், வாய்விட்டு எழுத்துக் கூட்டிப் படித்தார். படித்து முடித்துவிட்டு, "எழுதுனவன் நம்ம ஆளாதான் இருப்பான்," என்று மட்டும் சொன்னார். யாரோ ஒரு தமிழனைக் கூப்பிட்டுத்தான் எழுதச் சொல்லியிருக்க வேண்டும். அவன் ஊர் போய்ச் சேர்ந்தானா?

அடுத்து டோன் ராக் கல்லறைத் தோட்டம். ஊர் நடுவில், ரோட்டோரத்தில், புல் வெட்டி, செடிக்குச் செடி தண்ணீர் ஊற்றி, அப்படி ஒரு பராமரிப்பு. ஏறக்குறைய 7,000 பேர், பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சு ஆட்கள். அமெரிக்கர்கள் தங்கள் ஆட்களை எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். ஒவ்வொரு கல்லிலும் வெண்கலத் தகடு, பெயர், படைப்பிரிவு, இறந்த தேதி, வயது, கீழே வீட்டார் எழுதி அனுப்பிய ஒரு வரி. வயதைப் பார்த்துக்கொண்டே நடந்தேன், 22, 24, 31, 23. இந்தப் பையன்களின் மேல் எனக்கு எந்தக் கோபமும் இல்லை. இவர்களும் எங்கேயோ பிறந்து இந்தக் காட்டில் வந்து செத்தவர்கள்தான். ஆனால் அப்பா ஒவ்வொரு தகட்டிலும் தேதி இருக்கும் இடத்தை மட்டும் விரலால் தொட்டுப் பார்த்துக்கொண்டு போனார். இத்தனை பேருக்கும் திதி கொடுக்கலாம்.

கல்லறைத் தோட்டத்துக்குப் பக்கத்திலேயே ஒரு கோயில், வாட் தாவோர்ன் வராராம். வியட்நாமியர் கட்டிய புத்தக் கோயில். சண்டைக்குப் பிறகு அங்கங்கே கிடைத்த தொழிலாளர்களின் எலும்புகளை ஆயிரக்கணக்கில் கொண்டுவந்து இங்கே ஒரே இடத்தில் அடக்கம் செய்து மேலே ஒரு தூபி எழுப்பியிருக்கிறார்கள். கைடு கடைசியில் வைத்துக்கொள்வோம் என்று எழுதியது இந்த இடத்தைத்தான். 2025 மே மாதம் இங்கே தமிழர்களுக்கென்று ஒரு நடுகல்லும் வைத்தார்கள். தாய்லாந்திலும் மலேசியாவிலும் இருக்கிற நம்மவர்கள் விடாமல் அலைந்து, தமிழ்நாட்டு அரசும் பணம் கொடுத்து நடந்த காரியம். எண்பது வருஷம் கழித்துத்தான், ஆனாலும் நடுகல் என்று அதற்குப் பெயர் வைத்திருக்கிறார்கள், சண்டையில் விழுந்தவனுக்கு நடும் கல். தாத்தா சண்டை போட்டவர் இல்லை. கூடை சுமந்தவர்.

அங்கே யாருமில்லை. ஒரு நாய் நிழலில் படுத்திருந்தது. எலும்பு யாருடையது என்று யாருக்கும் தெரியாது, தமிழனா ஜாவாக்காரனா பர்மாக்காரனா, எல்லாம் கலந்து கிடக்கிறது, தாத்தா இதில் இருக்கலாம், பாதை நெடுக எந்த மூங்கில் புதரின் கீழேயும் இருக்கலாம். இதையெல்லாம் நான் அப்பாவிடம் சொல்லத் தொடங்கினேன், அவர் கையைக் காட்டி நிறுத்தச் சொல்லிவிட்டார். செருப்பைக் கழற்றினார். சட்டைப் பையில் இருந்து பேப்பரில் சுற்றிய ஒரு பொட்டலத்தை எடுத்தார். கிள்ளானில் ஒரு பழைய கடையில் வாங்கிய சுருட்டு. விமான நிலையத்தில் பெட்டியைச் சோதித்தபோது அவர் ஏன் அவ்வளவு பதறினார் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது.

வெறுமனே வைத்தால் போதும்பா என்றேன். வீட்டில் இலை ஓரத்தில் அப்படித்தானே வைக்கிறோம். "அங்க வச்சா அம்மா வச்சதுலா. இங்க பத்த வெக்கணும்," என்றார்.

அப்பாவுக்குப் புகைப் பழக்கம் கிடையாது, வாழ்க்கையில் ஒரு சிகரெட் பிடித்ததில்லை. முதல் தீக்குச்சி காற்றில் அணைந்தது. இரண்டாவதைச் சுருட்டு நுனியில் காட்டிக்கொண்டே இருந்தார், கருகியது, பற்றவில்லை. உறிஞ்ச வேண்டும் என்று அவருக்கும் தெரியவில்லை, எனக்கும் தோன்றவில்லை. மூன்றாவது குச்சி விரலைச் சுட்டது. வேன் அருகில் நின்று பார்த்துக்கொண்டிருந்த டிரைவர், நாள் முழுக்க எங்களோடு ஒரு வார்த்தை பேசாதவர், வந்து தன் லைட்டரை நீட்டினார். அப்பா சுருட்டையே அவர் கையில் கொடுத்துவிட்டார். அவர் இரண்டு இழுப்பு இழுத்துக் கனலை உண்டாக்கி, இருமி, இரண்டு கையாலும் பிடித்து அப்பாவிடம் திருப்பிக் கொடுத்தார்.

அப்பா அதைக் கல்லின் அடியில், காற்றுப் படாத பக்கமாகப் பார்த்து வைத்தார். எரிந்து முடிய இருபது நிமிஷத்துக்கு மேல் ஆனது. அதுவரை நால்வரும் நின்றுகொண்டிருந்தோம்.